பந்தை விட்டுக்கொடுப்பவரின் மேன்மை

அமெரிக்கக் கால்பந்தில் தன் அணியின் தாக்குதல் பலிக்காதபோது களத்துக்கு வந்து, பந்தை எதிரணியின் பக்கம் உதைத்து அனுப்பும் ஆட்டக்காரரே பன்ட்டர். பந்தை வைத்திருக்கும் அணிக்குப் பத்து கஜம் முன்னேற நான்கு வாய்ப்புகள் உண்டு. மூன்றிலும் அந்தத் தூரத்தைக் கடக்க முடியாமல் போனால், நான்காவதில் அணிகள் பெரும்பாலும் துணிந்து இறங்குவதில்லை. அதிலும் தவறினால் நின்ற இடத்திலேயே பந்து எதிரணிக்குப் போய்விடும். எப்படியும் போகப்போகிற பந்தை எட்டாத் தொலைவுக்கு அனுப்பி, எதிரணியை நெடுந்தூரம் கடந்துவர வைப்பதே பன்ட். பன்ட்டர் புள்ளி எடுப்பவர் அல்லர். பந்தை எதிராளியிடம் ஒப்படைப்பதே அவர் தொழில். அணி கொடிகட்டிப் பறக்கும் நாளில் அவருக்கு வேலையே இருக்காது.

இந்தத் தொழில் ஓர் அறவியல் கேள்வியை எழுப்புகிறது. மற்றவர்கள் முயன்று முடியாமல் போன இடத்தில் மட்டும் தேவைப்படுகிற, விளைவு தன் வசத்தில் இல்லாத ஒரு வேலைக்கு வாழ்வின் சிறந்த ஆண்டுகளைக் கொடுப்பது தகுமா? அந்த வேலைக்கென்று ஒரு மேன்மை இருக்கிறதா, அல்லது வெல்கிறவர்களின் மேன்மையில் ஒரு பங்கு மட்டும்தான் அதற்குக் கிடைக்கிறதா? இந்தக் கேள்வியை ஆராய, பன்ட்டராக ஆடிய ரே கய்யின் வாழ்வைவிடப் பொருத்தமான சான்று கிடைப்பது அரிது.

வில்லியம் ரே கய் 1949 டிசம்பர் 22 அன்று ஜார்ஜியா மாநிலத்தின் ஸ்வெயின்ஸ்பரோவில் பிறந்தார். அதே மாநிலத்தின் தாம்சனில் வளர்ந்து, சதர்ன் மிசிசிப்பி பல்கலைக்கழக அணியில் ஆடினார். 1973-ல் நேஷனல் ஃபுட்பால் லீகின் வீரர் தேர்வில் ஓக்லண்ட் ரெய்டர்ஸ் அணி அவரை முதல் சுற்றிலேயே, 23-ஆவது ஆளாக எடுத்துக்கொண்டது. பன்ட் செய்வதற்காகவே ஒருவரை முதல் சுற்றில் எடுத்தது அதுவே முதல் முறை. 1986 வரை 14 பருவங்கள் அவர் அந்த அணியை விட்டு விலகவில்லை. ஓர் ஆட்டம்கூடத் தவறாமல் 207 ஆட்டங்கள் ஆடினார். 1,049 முறை பந்தை உதைத்தார். சிறந்த ஆட்டக்காரர்கள் ஆடும் ப்ரோ பவுல் ஆட்டத்துக்கு ஏழு முறை தேர்வானார். அவர் காலத்தில் ரெய்டர்ஸ், லீகின் இறுதி ஆட்டமான சூப்பர் பவுலில் மூன்று பட்டங்களை வென்றது.

அந்த வேலையின் நுட்பத்தைக் கிட்டே போய்ப் பார்த்தால்தான் கேள்வியின் கனம் புரியும். பன்ட்டர் ஏறக்குறைய 15 கஜம் பின்னால் நிற்கிறார். முன்வரிசையில் குனிந்து நிற்பவர் தன் கால்களுக்கு இடையே பந்தைப் பின்னோக்கி வீசுகிறார். அதைப் பிடித்து, கைக்குள் திருப்பிச் சரிசெய்து, ஓரிரு எட்டு வைத்து, கீழே விட்டு, தரையைத் தொடுமுன் உதைத்தாக வேண்டும். எல்லாம் சேர்த்து இரண்டு விநாடிக்குச் சற்றே மேல். அதற்குள் எதிரணியினர் பாய்ந்து வந்துகொண்டிருப்பார்கள். பந்தைக் கைவிடும்போது அதன் முனை சிறிது சாய்ந்தாலும் உதை கோணலாகிவிடும். 1984 ஜனவரியில் வாஷிங்டன் அணிக்கு எதிரான சூப்பர் பவுலில் பந்து ரே கய்யின் தலைக்கு மேலே பறந்து வந்தது. அவர் எம்பி ஒரே கையால் அதைப் பிடித்து, தரையில் இறங்கி, எதுவுமே நடக்காததுபோல் உதைத்து அனுப்பினார். அந்த ஆட்டத்தை ரெய்டர்ஸ் 38–9 என்று வென்றது. இத்தனை பெரிய வித்தியாசத்தில் முடிந்த ஆட்டத்தின் புள்ளிப் பட்டியலில் அந்த ஒரு பிடிக்கு இடமில்லை.

எண்களும் இந்த வேலையை அரைகுறையாகவே அளக்கின்றன. ரே கய்யின் சராசரி உதை 42.4 கஜம், பின்னால் வந்த பலர் அதைத் தாண்டிவிட்டார்கள். ஆனால் தூரம் மட்டுமே சிறப்பு ஆகாது. நடுக்கோட்டிலிருந்து உதைத்த பந்து 42 கஜம் போய் எதிரணியின் 8 கஜக் கோட்டில் நின்றால், அவர்கள் 92 கஜம் கடக்க வேண்டும். அதே பந்து 50 கஜம் போய் எதிரணியின் எல்லைக்கோட்டைத் தாண்டிவிட்டால் 20 கஜக் கோட்டில் வைத்து ஆட்டம் தொடங்கும். கடக்க வேண்டியது 80 கஜம்தான். கணக்கேட்டில் பெரிதாகத் தெரியும் உதை களத்தில் சிறியது. பந்து காற்றில் நிற்கும் நேரமும் அப்படித்தான். அது நீண்டால் சக வீரர்கள் ஓடிப்போய்ப் பந்தைப் பிடிப்பவரைச் சூழ்ந்துவிடுவார்கள். அவரால் ஓர் அடி நகர முடியாது. ரே கய்யின் பெயர் நிலைத்தது இந்த உயரத்தால்தான். 1976-ல் நியூ ஆர்லியன்ஸின் உள்ளரங்கில் நடந்த ப்ரோ பவுலில், கூரையிலிருந்து தொங்கிய திரையின்மேல் அவர் உதைத்த பந்து மோதியது.

பந்து காலை விட்டுப் பிரிந்த பிறகு நடப்பது எதுவும் பன்ட்டரின் வசத்தில் இல்லை. காற்று அதைத் தள்ளலாம். முட்டை வடிவப் பந்து தரையில் பட்டு எந்தப் பக்கம் துள்ளும் என்று யாராலும் சொல்ல முடியாது. ஓடிப்போய் மடக்க வேண்டியவர்கள் கோட்டைவிடலாம். ஸ்டோயிக் தத்துவவாதிகள் எடுத்துக்கொண்ட சிக்கல் இதுவே. கி.மு. 45-ல் ரோமானியச் சிந்தனையாளர் சிசரோ எழுதிய ‘டி ஃபினிபஸ்’ என்ற உரையாடல் நூலில் கேட்டோ அந்த மரபின் சார்பாகப் பேசும்போது வில்லாளியைச் சான்றாகக் காட்டுகிறார். நேராகக் குறிவைக்கத் தன்னால் ஆன அனைத்தையும் செய்வதே வில்லாளியின் உண்மையான நோக்கம். அம்பு இலக்கில் தைப்பது தேர்ந்தெடுக்கத்தக்கதே ஆனாலும், அவனது மேன்மை அதில் அடங்கியிருக்கவில்லை என்பது வாதம். பன்ட்டரின் நிலை இதற்கு அச்சாகப் பொருந்துகிறது. சரியாகப் பிடித்து, சரியாகக் கைவிட்டு, சரியான உயரத்துக்கு உதைத்ததோடு அவர் கடமை நிறைவடைகிறது.

இந்த விடையில் ஓர் ஆபத்தும் உண்டு. ‘என் பங்கை முடித்துவிட்டேன்’ என்று விளைவைப் பற்றிக் கவலைப்படாமல் இருப்பவரும் இதையே சொல்லிக்கொள்ளலாம். ஸ்டோயிக் கருத்து அதற்கு இடம் தருவதில்லை. இலக்கைப் பொருட்படுத்தாமல் எய்பவன் வில்லாளியே அல்ல. பந்து எங்கே விழ வேண்டும், எத்தனை நேரம் மேலே நிற்க வேண்டும், சகாக்கள் எந்தப் பக்கமாக ஓடிவருகிறார்கள் என்பதையெல்லாம் கருத்தில் கொண்ட உதைதான் நல்ல உதை. விளைவு தன் வசத்தில் இல்லாவிட்டாலும், விளைவின்மேல் உள்ள அக்கறை திறமைக்குள்ளேயே கலந்திருக்கிறது.

அடுத்த மறுப்பு இன்னும் வலுவானது. குறையே இல்லாத அணிக்குப் பன்ட்டர் தேவையில்லை. எனவே அவரது சிறப்பு மற்றவர்களின் குறையை நம்பிப் பிழைக்கும் இரண்டாம் தரச் சிறப்பு என்று வாதிடலாம். இதற்கான மறுமொழியை அரிஸ்டாட்டிலின் ‘நிக்கோமாக்கிய அறவியல்’ பத்தாம் நூலிலிருந்து பெறலாம். தெய்வங்களுக்கு வீரத்தையும் ஈகையையும் ஏற்றிச் சொல்வது பொருந்தாது என்கிறார் அவர். அவர்களுக்கு அச்சமும் இல்லை, கொடுத்துத் தீர்க்க வேண்டிய வறுமையும் இல்லை. அந்த வாதத்தைத் தொடர்ந்தால், மனிதரின் பெரும்பாலான நற்குணங்கள் குறையுள்ள உலகத்தில்தான் பிறக்கின்றன என்று ஆகிறது. ஆபத்து இல்லாத இடத்தில் வீரத்துக்கும், துன்பம் இல்லாத இடத்தில் பொறுமைக்கும் வேலை இல்லை. குறையிலிருந்து பிறந்ததால் அவற்றை யாரும் இரண்டாம் தரமாக எண்ணுவதில்லை. பன்ட்டரின் கலையும் அந்த வரிசையைச் சேர்ந்ததே.

மேன்மை உண்டென்றால் அது எங்கே சேர்கிறது என்பது எஞ்சிய கேள்வி. 1981-ல் வெளிவந்த ‘ஆஃப்டர் வெர்ச்சூ’ நூலில் தத்துவவாதி அலஸ்டர் மெக்கிண்டயர் ஒரு கலை அல்லது தொழில் தரும் நன்மைகளை இரண்டாகப் பிரிக்கிறார். பணம், புகழ், பதவி ஆகியவை புறநன்மைகள். அவை யாரோ ஒருவரின் உடைமையாகின்றன. ஒருவருக்கு மிகுந்தால் மற்றவருக்குக் குறைகின்றன. அந்தத் தொழிலைச் செய்துதான் பெற முடியும் என்றிருப்பவை அகநன்மைகள். ஒருவர் அவற்றை எட்டினால், அந்தத் தொழிலில் இருக்கும் அனைவருக்கும் அது செல்வமாகிறது.

ரே கய்யின் பிற்காலம் இந்தப் பிரிவினைக்கு விளக்கமாக அமைந்தது. அவர் பொருளாதார நெருக்கடியில் திவாலானார். 2011-ல் அவருடைய மூன்று சூப்பர் பவுல் மோதிரங்களும் ஏலத்தில் விற்கப்பட்டன. ஓஹையோ மாநிலத்தின் கேண்டனில் 1963-ல் திறக்கப்பட்ட, இந்த ஆட்டத்தின் சிறந்தவர்களைப் போற்றும் புகழ்பெற்றோர் மாளிகை, பன்ட்டராக மட்டுமே ஆடிய ஒருவருக்கு முதன்முறையாக 2014-ல் இடம் தந்தது. அவர் ரே கய். களத்தை விட்டு வந்து 28 ஆண்டுகள் ஆகியிருந்தன. மோதிரம் போனதும் மாளிகையில் இடம் கிடைத்ததும் புறநன்மைகளின் வரவு செலவு. அதற்கு வெளியே, பந்தின் உயரத்தைத் தற்காப்பாக்கிய அவரது கலையை அடுத்த தலைமுறை தன்னுடையதாக்கிக்கொண்டது. அவரே பயிற்சி முகாம்களில் இளைஞர்களுக்கு அதைக் கற்றுக்கொடுத்தார். கல்லூரி ஆட்டத்தின் சிறந்த பன்ட்டருக்கு 2000 முதல் அவர் பெயரில் விருது வழங்கப்படுகிறது.

2022 நவம்பர் 3 அன்று, 72-ஆவது வயதில் அவர் காலமானார். பிறர் தோற்ற இடத்தில் நின்று, விளைவைத் தன் வசத்தில் வைத்துக்கொள்ள முடியாமல் செய்கிற வேலைக்கும் தனக்கே உரிய மேன்மை உண்டு என்பதை அவர் வாழ்வு உறுதிசெய்கிறது. அந்த மேன்மை வெற்றிப் பட்டியலிலிருந்து பெற்ற பங்கு அல்ல. செய்வதைச் செய்யும் முறையில் அது பிறக்கிறது. அந்த முறையைக் கற்றுக்கொள்கிறவர்களிடம் தொடர்கிறது.