கட்டுப்பாடும் மனச்சான்றும்

ஒருவரால் ஆகாதது ஊர் கூடினால் ஆகும். இயக்கம் என்பதும் பலர் கூடி இழுக்கும் தேரே. வடம் பிடிப்போர் ஆளுக்கொரு பக்கம் இழுத்தால் தேர் நிலைக்கு வந்து சேராது. ஆகவே கட்டுப்பாடு வேண்டும் என்பதில் ஐயமில்லை. ஆயின், தேர்க்காலின் முன்னே ஒரு குழந்தை நிற்பதைக் கண்டவன் 'நிறுத்துங்கள்' என்று கூவலாமா, கூடாதா? கூவியவனையே தேருக்குப் பகைவன் எனத் தள்ளிவிடும் கூட்டத்தில் அவன் செய்யத்தக்கது யாது?

பிழைப்பை நாடி வேற்று மாநிலம் வந்து வாழும் நம்முள், இளமையில் ஏதேனும் ஓர் இயக்கத்தின் கொடியைப் பிடித்தவர் பலர். கொடியைப் பிடித்த கை பின்னர் ஏன் தளர்ந்தது என்பதை நாம் வெளியில் பேசுவதில்லை. அதனைப் பேசத் துணிந்த ஒருவருடைய வரலாற்றை இங்குச் சிறிது எண்ணிப் பார்ப்போம்.

மிலோவன் ஜிலாஸ் 1911இல் மாண்டினீக்ரோ மலைநாட்டில் பிறந்தவர். பெல்கிரேடில் மாணவராக இருந்தபோது, 1932இல், தடை செய்யப்பட்டிருந்த கம்யூனிஸ்டுக் கட்சியில் சேர்ந்தார். மன்னராட்சி அவரை மூன்றாண்டுகள் சிறையில் வைத்தது. 1941இல் ஜெர்மானியப் படைகள் யூகோஸ்லாவியாவினுள் புகுந்தபோது, டிட்டோவின் தலைமையில் காடுகளிலும் மலைகளிலும் இருந்து போரிட்டார். அந்நாளில் கட்டளைக்குப் பணியாதவர்களைக் கொண்டு எப்படையும் வென்றிருக்க முடியாது. போர்க்களத்தில் பணிவு உயிர் காத்தது என்பதை நாம் மறுக்க வேண்டுவதில்லை.

முதல் ஐயம் வெளியிலிருந்து வந்தது. விடுதலை செய்ய வந்த சோவியத் வீரருட் சிலர் யூகோஸ்லாவியப் பெண்களுக்கு இழைத்த கொடுமைகளை ஜிலாஸ் எடுத்துரைத்தார். ஸ்டாலினோ அதனைச் செஞ்சேனைக்கு நேர்ந்த இழுக்காகக் கொண்டு சினந்தார். 1948 ஜூன் 28 அன்று, மாஸ்கோவுக்கு அடங்காத குற்றத்திற்காக யூகோஸ்லாவியக் கட்சியே உலகக் கம்யூனிஸ்டு அமைப்பிலிருந்து விலக்கப்பட்டது. 'எங்கள் அறிவை எவரிடமும் அடகு வைக்கமாட்டோம்' என நிமிர்ந்து நின்ற அந்நாட்டைக் கண்டு உலகம் வியந்தது.

ஆனால் அதே கட்சி, 1949 முதல், ஸ்டாலினை ஆதரித்தவர்களையும் ஆதரித்ததாக ஐயுறப்பட்டவர்களையும் கோலி ஓடோக் என்னும் மொட்டைத் தீவுக்கு அனுப்பிக் கல்லுடைக்க வைத்தது. ஆயிரக்கணக்கானோர் அங்கு வதைபட்டனர். அவ்வேளையில் ஜிலாஸ் தலைமைக் குழுவில் இருந்தவர். தம் கட்சியின்மீது மாஸ்கோ வைத்த நுகம் அவருக்குத் தெளிவாகத் தெரிந்தது. தம் கட்சி பிறர்மீது வைத்த நுகம் தெரியவில்லை. நம் கழுத்தில் உள்ள நுகம் உறுத்துகிறது. அடுத்தவன் கழுத்தில் உள்ளது உறுத்துவதில்லை. இயக்கங்களில் மட்டுமன்று, இல்லங்களிலும் காணும் உண்மை இது.

அந்தத் தெளிவு வரச் சில ஆண்டுகள் ஆயின. 1953 இறுதியில் அவர் நாட்டின் துணைத் தலைவர்களுள் ஒருவர்; நாடாளுமன்றத் தலைவராகவும் தேர்ந்தெடுக்கப்பட்டவர். குறையொன்றும் இல்லாத அந்த உயரத்திலிருந்துதான், கட்சியின் 'போர்பா' நாளிதழில் அவர் கட்டுரைகள் எழுதலானார். உண்மை ஒரு கட்சியின் தனியுடைமை அன்று என்றார். மற்றோர் இதழில் வந்த கட்டுரை ஒன்றில், படைத்தலைவர் ஒருவரை மணந்த இளம் நடிகையை, ஒரு காலத்தில் காட்டில் பட்டினி கிடந்து போரிட்ட தலைவர்களின் மனைவியர் எவ்வாறு புறக்கணித்தனர் என்பதை எழுதினார். சமத்துவத்திற்காக உயிரைக் கொடுக்க முன்வந்தவர்களிடம் ஒரு புதிய சாதி பிறந்துவிட்டதை அச்சிறு நிகழ்ச்சி காட்டியது.

1954 ஜனவரி 16, 17 நாட்களில் மத்தியக் குழு கூடி அவரை விசாரித்தது. பழைய தோழர்கள் ஒருவர்பின் ஒருவராக எழுந்து பழித்தனர். உறுதியாகப் பரிந்து பேசியவர் விளாதிமிர் தெதியேர். இரண்டாம் நாள் ஜிலாஸே தளர்ந்து, தம் கருத்துகளில் சிலவற்றைத் தவறென ஒப்புக்கொண்டார். இதனைக் கோழைமை என்று எளிதில் சொல்லிவிடலாகாது. இருபதாண்டுக் காலம் தாயாகவும் வீடாகவும் இருந்த ஒன்றை ஒரு பகலில் உதறுவது எவர்க்கும் அரிது. கீழ்ப்படிதலின் வலிமை அச்சத்தில் மட்டும் இல்லை, அன்பிலும் இருக்கிறது. அதனாலேயே அது அத்துணைக் கொடியது.

ஆயினும் அவர் மீண்டும் எழுந்தார். 1954 டிசம்பரில் டிட்டோவைப் புது தில்லி வரவேற்றது. அதே மாதத்தில் ஜிலாஸ், தம் நாட்டிற்கு மற்றொரு கட்சியும் வேண்டுமென அமெரிக்க நாளிதழ் ஒன்றுக்குப் பேட்டி அளித்தார். ஹங்கேரி மக்களின் எழுச்சியை ஆதரித்தமைக்காக 1956இல் சிறைப்பட்டார். 1957இல் 'புதிய வர்க்கம்' என்ற அவருடைய நூல் நியூயார்க்கில் வெளிவந்ததும் தண்டனை நீண்டது. அவர் அடைக்கப்பட்ட ஸ்ரெம்ஸ்கா மித்ரோவிட்சாச் சிறை, மன்னராட்சி அவரை அடைத்து வைத்திருந்த அதே சிறைதான். அங்கே மில்டனின் 'இழந்த சொர்க்கம்' காவியத்தைத் தம் மொழியில் பெயர்த்தார். 1966இன் கடைசி நாளில் இறுதியாக விடுதலை பெற்றார். தம் நாடு சிதறியதையும் கண்டபின், 1995இல் மறைந்தார்.

'உள்ளிருந்தே திருத்தியிருக்கலாமே' என்பார் உண்டு. திருத்த இடம் தரும் இயக்கத்தில் அது பொருந்தும். தவறு கண்டவிடத்துக் கடிந்து சொல்லும் துணையைப் பெறாத வேந்தன் அழிவதற்குப் பகைவரே தேவையில்லை என்கிறார் வள்ளுவர். வேந்தனுக்கு உரைத்தது இயக்கத்திற்கும் பொருந்தும். 'ஏன்' என்று கேட்டவன் மறுநாளும் தோழரோடு ஒரே பந்தியில் அமர முடியுமாயின், அங்குள்ளது கட்டுப்பாடு. முடியாதாயின், அது அடிமைத்தனம்.

மனம் கசந்து வெளியேறுவோர்க்கும் ஓர் அறம் உண்டு. முன்பு கொண்ட குறிக்கோளையே வெறுத்தலும், ஒரு தலைவரை விட்டு மற்றொரு தலைவரின் காலடியை நாடுதலும் விடுதலை ஆகா. தாம் வாய்மூடி இருந்த நாட்களின் கணக்கையும் அவர்கள் பார்த்தாக வேண்டும். மொட்டைத் தீவில் கல்லுடைத்தவர்களின் கணக்கிலிருந்து ஜிலாஸும் தப்ப இயலாது.

இயக்கம் நம் உழைப்பைக் கேட்கலாம், பொருளைக் கேட்கலாம், வேளை வந்தால் உயிரையும் கேட்கலாம். கண்ணை மட்டும் கேட்கக்கூடாது. வடம் பிடிக்கும் கைகள் எத்தனை இருந்தாலும், பாதையைப் பார்க்கும் கண் ஒன்றேனும் இல்லாத தேர் எவர் மீது ஏறும் என்பதை யார் அறிவார்?