பிரேக் இல்லாத வண்டி

லாங் டிராக் பந்தயத்தில் ஓடும் மோட்டார் சைக்கிளுக்கு பிரேக் கிடையாது. முன்சக்கரத்திலும் இல்லை, பின்சக்கரத்திலும் இல்லை. பந்தய விதியே அப்படித்தான். 500 சிசி ஒற்றை சிலிண்டர் எஞ்சின், எரிபொருளுக்கு மெத்தனால், இரண்டே கியர். மணலோ புல்லோ விரித்த பாதை பெரும்பாலும் 1,000 மீட்டர் சுற்றளவுள்ள நீள்வட்டம். நேர்ப்பகுதியில் வேகம் மணிக்கு 140 கிலோமீட்டரைத் தாண்டும். அடுத்த கணமே இடப்பக்கம் வளைவு. அங்கே ஓட்டுபவரிடம் இருப்பவை ஆக்சிலேட்டரைப் பிடித்த வலக்கை, சாய்ந்த உடம்பு, கீழே மண். வேறொன்றும் இல்லை.

எங்கள் தளவாய்புரத்தில் நைட்டி தைக்கும் மெஷின்களின் சத்தம் ஓய்ந்த பிறகுதான் ஊருக்கே மூச்சு வரும். அந்த இரவு நேரத்தில் மொபைலில் இந்தப் பந்தயங்களைப் பார்க்கத் தொடங்கினேன். பொழுதுபோக்காகத்தான். பார்க்கப் பார்க்க, பல வருடங்களாக ஜபத்தில் உட்கார்ந்தும் எனக்குப் பிடிபடாத ஒன்றை இவர்கள் மண்ணில் செய்து காட்டுகிறார்களோ என்று தோன்ற ஆரம்பித்தது.

வளைவில் நடப்பதைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். வளைவு நெருங்கியதும் வண்டியை இடப்பக்கம் சாய்த்து, பின்சக்கரத்தை வெளிப்பக்கமாக வழுக்க விடுகிறார்கள். வண்டி இடப்பக்கம் திரும்பிக்கொண்டிருக்கும். முன்சக்கரமோ வலப்பக்கம் பார்த்து நிற்கும். இடது பூட்ஸுக்கு அடியில் இரும்புத் தகடு மாட்டியிருப்பார்கள். அந்தக் கால் மண்ணை லேசாக உரசியபடி வரும். முன்னால் போகிற வண்டி வாரி இறைக்கும் மண் பின்னால் வருபவரின் கண்ணாடியை மூடும். அவர் ஒரு கையால் கண்ணாடிமேல் ஒட்டிய மெல்லிய மேல்தாளைக் கிழித்து எறிந்துவிட்டுப் போய்க்கொண்டே இருப்பார். இந்த வழுக்கலிலேயே வேகம் கரைகிறது, திசையும் மாறுகிறது.

புதிதாகப் பழகுபவர் பயந்துபோய் நடு வளைவில் சட்டென்று ஆக்சிலேட்டரை விட்டுவிட்டால் என்ன ஆகும்? வழுக்கிக்கொண்டிருந்த டயர் திடீரென்று மண்ணைக் கவ்வும். வண்டி விறைத்து நிமிர்ந்து ஆளைத் தூக்கி எறியும், இல்லாவிட்டால் நேராக வெளிவேலிக்குப் போகும். வளைவின் நடுவில் அவரைக் காப்பாற்றுவது அந்த வலக்கையின் நிதானம். கூட்டுவதானாலும் குறைப்பதானாலும் நூலளவுதான்.

கண்ணை மூடி உட்கார்ந்த எல்லோருக்கும் இந்த இடம் தெரியும். மனசை நிறுத்த வேண்டும் என்றுதான் உட்காருகிறோம். நிறுத்து என்று சொன்ன மாத்திரத்தில் அது விறைக்கிறது. போன மாதம் ஒருவர் சொன்ன சொல், கட்ட வேண்டிய வட்டி, பிள்ளையின் பரீட்சை எல்லாம் ஒன்றன்மேல் ஒன்றாக விழுகின்றன. கோபமும் அப்படித்தான். வெளியில் பல்லைக் கடித்து அடக்கியது வீட்டுக்கு வந்து, ஒரு பாவமும் அறியாதவர் மேல் பாய்கிறது. மனசுக்கு பிரேக் வைத்துப் படைக்கவில்லை என்று ஒப்புக்கொள்வதுதான் சாதனையின் முதல் படி என்று இப்போது நினைக்கிறேன். எழுந்த எண்ணத்தை எழ விட்டு, நாமத்தை மட்டும் அதே அளவில் சொல்லிக்கொண்டு வந்தால், அந்த எண்ணம் தன் வேகத்தைத் தானே இழக்கிறது. உடனே இல்லை. வளைவு நீளமாகத்தான் இருக்கும்.

ஸ்ரீவில்லிபுத்தூரில் ஆடிப்பூரத்துக்கு வடம் பிடித்தவர்களுக்கு இதை விளக்கவே வேண்டாம். ஆண்டாளின் தேரும் பிரேக்கை நம்பித் திரும்புவதில்லை. ஆயிரக்கணக்கான பேர் 'கோவிந்தா, கோபாலா' என்று இழுக்க, அவ்வளவு பாரமும் அசைந்து உருளும்போது அதற்கு வழி சொல்பவர் சறுக்குக்கட்டை போடுகிறவர்தான். எல்லோரும் மேலே தாயாரைப் பார்த்துக் கும்பிடும்போது அவர் கண் மட்டும் சக்கரத்தின் அடியில் இருக்கும். குனிந்து, உருண்டு வரும் சக்கரத்துக்கு ஒரு சாண் முன்னால் கட்டையைச் சரித்துக் கொடுத்து, கையை இழுத்துக்கொள்வார். சக்கரம் கட்டைமேல் ஏறிச் சறுக்கும், தேர் கொஞ்சம் திரும்பும். மறுபடியும் ஒரு கட்டை. ரத வீதி மூலையில் இப்படிக் கொஞ்சம் கொஞ்சமாகத்தான் அவள் திரும்புகிறாள். அந்த மனிதரின் வழிபாட்டுக்கு என்ன பெயர் வைப்பது என்று எனக்குத் தெரியவில்லை. கும்பிடக்கூட நேரமில்லாத அந்தக் கவனத்தை அவள் நிச்சயம் ஏற்றுக்கொள்வாள்.

நம் பக்கத்து மோட்டார் பந்தயம் வேறு வழியில் வளர்ந்தது. சென்னைக்கு வடக்கே சோழவரத்தில், போர்க்காலத்து விமான ஓடுதளத்தில் பல ஆண்டுகள் ஓடினார்கள். 1990இல் இருங்காட்டுக்கோட்டைப் பாதை வந்தது. இரண்டும் கெட்டித் தரை, பிரேக் உள்ள வண்டிகள். லாங் டிராக் ஜெர்மனி, பிரான்ஸ், செக் நாடுகளில், பல இடங்களில் குதிரைப் பந்தயப் பாதைகளிலேயே வேரூன்றியது. இந்த வகை வண்டிகளைச் செய்து பேர் வாங்கிய ஜாவா நமக்கு அந்நியப் பெயர் இல்லை. மைசூரில் முதலில் ஜாவாவும், பிறகு 1996 வரை யெஸ்டியும் செய்தார்கள். நம் ஊர்த் தெருக்களில் அந்தச் சத்தத்தைக் கேட்டு வளர்ந்த தலைமுறை இன்னும் இருக்கிறது.

1971இல் லாங் டிராக்கின் முதல் உலகப் பட்டம் நியூசிலாந்தின் ஐவன் மாகருக்கு. பிறகு வந்தவர்களில் என் மனம் அடிக்கடி போவது இங்கிலாந்தின் சைமன் விக்கிடம். 1985 முதல் 1994 வரை ஐந்து முறை உலகப் பட்டம். பிரேக் இல்லாத வண்டியில், கண்ணை மறைக்கும் மண்ணில், அத்தனை ஆண்டுகள் ஓட்டியவர். 2000இல், நாற்பது வயதில், மூளைக் கட்டியால் இறந்தார். எந்தப் பக்கம் ஆபத்து என்று நாம் பார்த்துக்கொண்டிருக்கிறோமோ, அந்தப் பக்கமாகவே அது வர வேண்டும் என்று இல்லை. இதை யோசிக்கும்போது எனக்குப் பயம் வருவதில்லை. வலக்கையின் நிதானம் நம் பொறுப்பு. பாதை எவ்வளவு நீளம் என்பது நம் கையில் விடப்படவில்லை. சரணாகதி என்று பெரியவர்கள் சொன்னதை, கையைக் கட்டிக்கொண்டு உட்காருவது என்று நான் ஒருநாளும் எடுத்துக்கொண்டதில்லை.

ஓட்டுபவரின் மணிக்கட்டில் ஒரு கயிறு கட்டியிருக்கும். மறுமுனை எஞ்சினை அணைக்கும் சுவிட்சில். அவர் வண்டியிலிருந்து விழுந்தால் கயிறு இழுபட்டு எஞ்சின் அணைந்துவிடும். ஆள் பிரிந்தால் ஓட்டம் நிற்கும். அதைப் பார்த்த அன்று வேறு எதையும் பார்க்கத் தோன்றாமல் மொபைலை வைத்துவிட்டேன்.

கோடையில் கண்மாய் வற்றினால் எங்கள் பக்கத்துப் பையன்களும் பைக்கை இறக்கிப் புழுதி பறக்க வளைக்கிறார்கள். ஹெல்மெட் இல்லை, பூட்ஸ் இல்லை. தம்பிமாரே, அந்த வீரர்கள் தலை முதல் கால் வரை கவசத்தோடு, வேலியிட்ட பாதையில், எதிரே ஒரு வண்டியும் வராது என்ற நிச்சயத்தில் ஓட்டுகிறார்கள். அந்த ஒழுக்கத்தை எடுத்துக்கொள்ளுங்கள், வித்தையை விட்டுவிடுங்கள்.

பந்தயம் முடிந்து கொடி விழுந்ததும் வண்டி நிற்பதில்லை, நிறுத்தவும் வழியில்லை. வேகம் தானாகத் தணியும்வரை ஓட்டுபவர் மெல்லச் சுற்றி வருகிறார். முன்பெல்லாம் அந்தக் காட்சி வந்ததும் அணைத்துவிடுவேன், இப்போது கடைசிவரை பார்க்கிறேன். ஆண்டாளைச் சேவித்துவிட்டு நேரே வாசலுக்கு நடந்தால் எங்கள் வீட்டுப் பெரியவர்கள் விடமாட்டார்கள். "செத்த நேரம் உக்காந்துட்டுப் போவோம்" என்று பிரகாரத்தில் தூணோரமாக உட்கார வைப்பார்கள். அங்கே யாரும் எதுவும் கேட்டு வேண்டிக்கொள்வதில்லை. இப்போது வீட்டிலும் ஜபம் முடிந்த உடனே எழுந்திருப்பதில்லை. மாலையைப் பையில் வைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் சும்மா உட்கார்ந்திருக்கிறேன்.