ஈடும் ஒற்றியும்: வீட்டுக் கடனின் மெய்விலை பற்றிய ஓர் அறவியல் நோக்கு

தமிழிலே ‘கடன்’ என்னுஞ் சொல் இருபொருள் தருவது. செய்தே தீரவேண்டிய கடமையும் கடன். வாங்கித் திருப்பிக் கொடுக்கவேண்டிய பொருளும் கடன். புறநானூற்றிலே பொன்முடியார் தாய்க்கும் தந்தைக்கும் கொல்லனுக்கும் வேந்தனுக்கும் உரியனவாக வகுத்துரைக்கும் கடன்கள் முதற்பொருளைச் சார்ந்தவை. நொத்தாரிசு முன்னிலையிற் கையொப்பமிடப்படும் ஈட்டு உறுதியிலே குறிக்கப்படும் கடன் இரண்டாம் பொருளைச் சார்ந்தது. யாழ்ப்பாணக் குடாநாட்டைப் பொறுத்தவரையில், இவ்விரு பொருள்களும் சந்திக்கும் இடமாக வீடு அமைந்துள்ளது எனலாம். மகளுக்கு வீடும் வளவும் சீதனமாகக் கொடுத்தல் பெற்றோரின் கடன் எனக் கருதப்பட்டமையால், அக்கடனைத் தீர்ப்பதற்காக வேறொரு கடனைப் பெறுதலும் இயல்பாயிற்று. ஒரு கடமையை நிறைவேற்றுவதற்காகப் பெறப்படும் கடன் பிற கடமைகளை எவ்வளவிற்கு விழுங்கிவிடுகின்றது என்னும் வினா, வெறும் கணக்கியல் வினாவன்று. அது அறவியல் வினாவுமாகும்.

இவ்வினாவை ஆராயப் புகுவோர், யாழ்ப்பாணத்து வழக்காற்றுச் சட்டமாகிய தேசவழமையிலிருந்து தொடங்குதல் பொருத்தமானது. ஒல்லாந்தர் ஆட்சிக்காலத்தில் யாழ்ப்பாணத்துத் திசாவையாக விளங்கிய கிளாஸ் ஐசாக்சு என்பவராற் தொகுக்கப்பெற்று, 1707ஆம் ஆண்டிலே ஆளுநரிடம் ஒப்படைக்கப்பட்ட இத்தொகுப்பு, பன்னிரண்டு முதலியார்களாற் பரிசீலிக்கப்பட்டு ஏற்றுக்கொள்ளப்பட்டது. ஆங்கிலேயர் 1806ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரமாணத்தின் மூலம் அதற்குச் சட்டவலு அளித்தனர். இதிலே விரிவாகக் கூறப்படும் ஏற்பாடுகளுள் ஒன்று ஒற்றியாகும்.

ஒற்றியின் இயல்பு எளிதில் விளங்கத்தக்கது. காணியை ஒற்றி வைப்பவர் பணத்தைப் பெற்றுக்கொண்டு காணியின் ஆட்சியைக் கடன் கொடுத்தவரிடம் விடுகின்றார். கடன் கொடுத்தவர் வட்டி கேட்பதில்லை. வயலின் விளைவையோ தோட்டத்தின் பயனையோ வட்டிக்கு ஈடாக அனுபவிக்கின்றார். உடையவர் முதலைத் திருப்பிக் கொடுக்கும்போது காணி மீள்கின்றது. இதற்கு மாறாக, ஈட்டிலே ஆட்சி உடையவரிடமே தங்கிவிடுகின்றது. உறுதி மட்டும் பிணையாகின்றது. வட்டி பணமாகச் செலுத்தப்படுகின்றது. இன்றைய வங்கிகள் வழங்கும் வீட்டுக் கடன் யாவும் ஈட்டு வகையினவே.

இவ்விரண்டிற்கும் இடையே காணப்படும் வேறுபாடு சட்ட நுணுக்கம் மாத்திரமன்று. ஒற்றியிலே கடனின் விலை கண்ணுக்குத் தெரிகின்றது. தன் வேலிக்கு அப்பால் நின்று தன் நிலத்திலே பிறர் அறுவடை செய்வதைக் காண்பவர், தாம் இழப்பது யாதென்பதை ஒவ்வொரு போகமும் அறிவார். மேலும், மழை பொய்த்தால் அவ்விழப்பிலே கடன் கொடுத்தவருக்கும் பங்குண்டு; விளைவு இல்லையெனில் அவருக்கு வட்டியும் இல்லை. ஈட்டிலோ, கடன்பட்டவர் தம் வீட்டிலேயே குடியிருக்கின்றார். எதையும் இழந்ததாக அவருக்குத் தோன்றுவதில்லை. மழை பெய்யினும் பொய்ப்பினும் தவணைத் திகதி மாறுவதில்லை. ஆகவே, ஒற்றியிலே வெளிப்படையாக இருந்த விலை ஈட்டிலே மறைபொருளாகிவிடுகின்றது. இருவர் தாங்கிய இடர் ஒருவர் தலையிற் சுமத்தப்படுகின்றது. ஒற்றியும் குறையற்ற ஏற்பாடன்று. முதலைத் திரட்ட இயலாத வறியவரின் காணி தலைமுறைக் கணக்காகப் பிறர் கையிலே தங்கிவிடுதல் கூடும். எனினும், தாம் கொடுப்பது எதுவென்பதை அவர் அறியாதிருந்தார் எனக் கூறமுடியாது.

ஈட்டின் மறைந்த விலையை ஓர் எடுத்துக்காட்டின் மூலம் வெளிக்கொணரலாம். ரூபா 50 இலட்சத்தை ஆண்டுக்கு 12 வீத வட்டியில், 20 ஆண்டுகளிலே, சமமான மாதத் தவணைகளிற் செலுத்தி முடிக்க ஒருவர் உடன்படுகின்றார் எனக் கொள்வோம். மாதத் தவணை ஏறத்தாழ ரூபா 55,054 ஆகும். முதல் மாதத்திற் செலுத்தும் தொகையிலே ரூபா 50,000 வட்டிக்கே சென்றுவிடுகின்றது. முதலிற் குறைவது ரூபா 5,054 மட்டுமே. ஐந்து ஆண்டுகளிலே 33 இலட்சம் ரூபாவிற்கு மேற் கட்டிய பின்னரும், 45 இலட்சத்து 87 ஆயிரம் ரூபா நிலுவையாக நிற்கும். முதலிற் பாதியளவு கழிவதற்குக் கிட்டத்தட்ட 15 ஆண்டுகள் செல்லும். இறுதியிற் செலுத்தப்பட்ட மொத்தத் தொகை ஒரு கோடியே 32 இலட்சம் ரூபாவைத் தாண்டும். அதாவது, ஒரு வீட்டைப் பெறுவதற்காக இரண்டரை வீடுகளுக்கு மேலான விலை கொடுக்கப்படுகின்றது. இதே கடனைப் 10 ஆண்டுகளிற் செலுத்துவதாயின், தவணை ரூபா 71,735 ஆக உயருமாயினும், மொத்தத் தொகை 86 இலட்சமளவில் நின்றுவிடும். மாதந்தோறும் ஏறக்குறைய 16,700 ரூபா குறைவாகக் கட்டும் வசதிக்காக, நீண்ட தவணையைத் தெரிந்தவர் 46 இலட்சம் ரூபா மேலதிகமாகக் கொடுக்கின்றார். நொத்தாரிசுக் கட்டணம், மதிப்பீட்டுக் கட்டணம், காப்புறுதி, முன்கூட்டித் தீர்ப்பதற்கான கட்டணம் என்பன இக்கணக்கிற் சேர்க்கப்படவில்லை.

இத்தகைய வட்டி நீதியானதா என்னும் வினா மிகப் பழையது. பணம் பண்டமாற்றுக்காகத் தோன்றியதேயன்றிக் குட்டி போடுவதற்காகத் தோன்றியதன்று என்பது அரிஸ்டோட்டிலின் நிலைப்பாடு. வட்டியைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லுக்கு ‘ஈன்ற மகவு’ என்னும் பொருளும் உண்டென்பதைச் சுட்டிக்காட்டி, செல்வமீட்டும் முறைகளுள் இயற்கைக்கு மிகவும் முரணானது வட்டியே என அவர் வாதித்தார். மத்தியகாலக் கிறித்தவ சிந்தனையாளரும் இஸ்லாமியச் சட்ட அறிஞரும் வெவ்வேறு நியாயங்களால் வட்டியைக் கண்டித்தனர். மறுபுறத்தில், வட்டியென்பது காலத்தின் விலை என நவீன பொருளியலாளர் விளக்குவர். இன்று கையிலுள்ள நூறு ரூபாவும் இருபது ஆண்டுகளின் பின் கிடைக்கவிருக்கும் நூறு ரூபாவும் ஒன்றல்ல; முன்னதைத் துறந்து காத்திருப்பவர் அக்காத்திருப்புக்கு ஊதியம் பெறுதல் தவறாகாது என்பர். இவ்விளக்கத்தை எளிதிற் புறக்கணித்தல் இயலாது. இருபது ஆண்டுகள் சேமித்த பின்னரே வீடு கட்டலாம் எனின், பிள்ளைகள் வளரவேண்டிய காலமெல்லாம் வாடகை வீட்டிலே கழிந்துவிடும். கடன் அந்தக் காலத்தை மீட்டுத் தருகின்றது.

சட்டம் இவ்விரு நிலைகளுக்குமிடையே ஒரு சமரசத்தைக் கண்டது. ரோமன்-டச்சுச் சட்ட மரபைப் பின்பற்றி, இலங்கையின் 1852ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கக் குடியியற் சட்டக் கட்டளை, அறவிடத்தக்க வட்டி முதலை விஞ்சலாகாது என விதித்தது. கடன் கொடுத்தவரின் உரிமை ஏற்கப்படுகின்றது; ஆயினும் அதற்கு ஓர் எல்லையும் வகுக்கப்படுகின்றது. ஆனால் இங்கே ஒரு முரண்பாடு மனங்கொள்ளத்தக்கது. அம்மரபின் பாதுகாப்பு, செலுத்தப்படாது குவிந்த வட்டியைப் பற்றியதே. மாதந்தோறும் தவறாது தவணை செலுத்துபவர் மேற்கூறிய எடுத்துக்காட்டின்படி, 50 இலட்சம் ரூபாவிற்கு 82 இலட்சம் ரூபா வட்டி செலுத்தி முடிக்கின்றார். அவருக்காக எவ்வெல்லையும் குறுக்கிடுவதில்லை. தவணை தவறியவரின் மீது இரங்கிய சட்டம், வாக்குத் தவறாதவரைத் தனியே விட்டுவிடுகின்றது. சட்டத்தின் எல்லை முடியும் இடத்திலேதான் அறத்தின் வினா தொடங்குகின்றது என்பதற்கு இது தக்க சான்றாகும்.

வட்டிவீதம் நிலையானதன்று என்பதும் கருதற்பாலது. 2022ஆம் ஆண்டு ஏப்பிரல் மாதத்தில், இலங்கை மத்திய வங்கி தன் கொள்கை வட்டிவீதங்களை ஒரே நாளில் 7 சதவீதப் புள்ளிகளால் உயர்த்தியது. மாறும் வட்டியிற் கடன்பட்டிருந்தோரின் நிலை அதனால் எவ்வாறாகும் என்பதை முற்கூறிய எடுத்துக்காட்டே விளக்கும். 12 வீதம் 24 வீதமாக உயருமாயின், 50 இலட்சத்திற்கான மாத வட்டி மட்டுமே ஓர் இலட்சம் ரூபாவாகும். பழைய தவணையாகிய ரூபா 55,054 அவ்வட்டியையேனும் ஈடுசெய்யாது. அவ்வாண்டு செத்தெம்பரிலே கொழும்பு நுகர்வோர் விலைச்சுட்டெண் முன்னைய ஆண்டிலும் 69.8 வீதம் உயர்ந்திருந்தது. நிலையான வட்டியிற் கடன்பட்டவருக்குப் பணவீக்கம் கடனின் மெய்ச்சுமையைக் குறைக்கும் என்பது ஏட்டளவில் உண்மையே. சம்பளமும் விலைவாசியோடு ஒப்ப உயர்ந்தாலன்றி அவ்வுண்மையாற் குடும்பத்தின் அடுப்பெரியாது.

தவணை தவறுவோர் நிலை வேறு. 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டம், ஈடுவைக்கப்பட்ட ஆதனத்தை நீதிமன்றத்தை நாடாமலே, பணிப்பாளர் சபையின் தீர்மானத்தால் ஏலத்தில் விற்கும் அதிகாரத்தை வங்கிகளுக்கு அளித்தது. பொருளாதார நெருக்கடியின் பின்னர், 2024ஆம் ஆண்டிலே அவ்வதிகாரம் தற்காலிகமாக இடைநிறுத்தப்பட வேண்டியதாயிற்று. வைப்பாளரின் பணத்தைக் காப்பதற்கு வங்கிக்கு வலுவான உரிமை வேண்டும் என்னும் வாதத்திலே நியாயம் உண்டு. கடன்பட்டவரின் வாழ்விடமும் அதே தராசிலே வைக்கப்பட வேண்டும் என்பதிலும் நியாயம் உண்டு.

இனி, விலையைச் செலுத்துபவர் யாரென்பது நோக்கத்தக்கது. பெற்றோர் எதையும் விட்டுச் செல்லாவிடினும், அவர்பட்ட கடனைத் தீர்க்க ஆண்மக்கள் கடமைப்பட்டவர் எனத் தேசவழமை விதித்தது. அவ்வழக்கம் கடுமையானதெனத் தொகுத்தவரே குறித்துள்ளார். இன்றைய சட்டத்தில் அக்கடுமை இல்லை. இறந்தவர் விட்ட ஆதனத்தின் அளவிற்கே அவர் கடன் அறவிடப்படும். ஆயினும் சட்டம் கைவிட்டதை வாழ்க்கை தொடர்ந்து நடத்துகின்றது. தங்கையின் வீட்டிற்காகத் தமையன் வெளிநாட்டில் இரட்டை வேலை செய்கின்றான்; தவணைக்காகத் தாயின் தாலிக்கொடி அடைவு வைக்கப்படுகின்றது; மகனின் மேற்படிப்பு ஓராண்டு பிற்போடப்படுகின்றது. இவர்களுள் எவரும் ஈட்டு உறுதியிற் கையொப்பமிட்டவரல்லர்.

கையொப்பமிட்டவரைப் பற்றியும் ஒரு வினா எஞ்சுகின்றது. முப்பது வயதில் உடன்படுபவரும் ஐம்பது வயதிலே தவணை கட்டுபவரும் ஒருவரேயா? ஆங்கில மெய்யியலாளர் டெரெக் பார்ஃபிட் 1984இல் வெளியிட்ட ஆட்களும் நியாயங்களும் பற்றிய நூலிலே, ஒருவரின் எதிர்காலத் தன்மையைப் பிறர் ஒருவரைப் போலக் கருதுதற்கு இடமுண்டு என வாதித்தார். அவ்வாறாயின், தன் முதுமையைத் துன்புறுத்தும் முன்யோசனையின்மை வெறும் அறிவீனமன்று, அது அறப்பிழையுமாகும். இவ்வாதத்தை முழுதாக ஏற்காதவரும், எதிர்காலத் தன்னைக் கலந்தாலோசியாது அவன் உழைப்பை ஈடுவைக்கின்றோம் என்னும் உணர்வு நிதானத்தைத் தரும் என்பதை மறுக்கமாட்டார்.

எனினும் கடன்பட்டு வீடு கட்டியோர் யாவரும் ஆடம்பரத்தால் மயங்கியோர் எனக் கூறுதல் பெரும் அநீதியாகும். 1990இல் வலிகாமம் வடக்கிலிருந்தும், 1995 ஒக்தோபரில் வலிகாமம் முழுவதிலுமிருந்தும் இடம்பெயர்ந்த மக்களுக்கு வீடென்பது விலைச்சீட்டில் அடங்கும் பொருளன்று. கூடாரத்திலும் உறவினர் விறாந்தையிலும் ஆண்டுகள் பலவற்றைக் கழித்தோர், தம் சொந்தக் காணியிலே நான்கு சுவர் எழுப்ப எவ்விலையும் கொடுக்க முன்வருதல் இயல்பே. போரின் பின்னர் இந்திய வீட்டுத்திட்டத்தின் கீழ் ஒரு குடும்பத்திற்கு வழங்கப்பட்ட மானியம் ரூபா 5.5 இலட்சம். அத்தொகையோடு அமையாது, சற்று விரிந்த அத்திவாரம் இட்டு, எஞ்சியதைக் கடனால் நிரப்பியோர் பலர். அவர்தம் செயலிலே ஊராரின் கண்ணுக்கு அஞ்சிய அச்சமும் இருந்திருக்கலாம். மகளுக்குக் கொடுக்கவேண்டிய வீடு இதுவே என்னும் கவலையும் இருந்திருக்கலாம். பின்னதைத் தனிமனிதரின் தவறெனச் சொல்வது எங்ஙனம்? வீடின்றித் திருமணமில்லை எனப் பேசும் சமூகம், ஒவ்வோர் ஈட்டு உறுதியிலும் கையொப்பமிடாத சாட்சியாக நிற்கின்றது.

எனவே, வீட்டுக் கடனின் மெய்விலை அறியப்பட வேண்டுமாயின், பொறுப்பு மூவரிடத்தே தங்குகின்றது. கடன் கொடுப்பவர் மாதத் தவணையை மட்டுமன்றி, இறுதிவரை செலுத்தவேண்டிய மொத்தத் தொகையையும், வட்டி உயரின் நேரக்கூடியதையும் கடன் பெறுவோர் விளங்கும் மொழியிலே முன்கூட்டிக் கூறுதல் வேண்டும். விளங்காது இட்ட கையொப்பம் சட்டத்திலே செல்லுபடியாகலாம். அறத்தின்முன் அது அரைச் சம்மதமே. கடன் பெறுபவர், தவணையைத் தம் சம்பளத்தோடு ஒப்பிடுவதுடன் நின்றுவிடாது, அதனைத் தாங்கப்போகும் ஏனையோரையும் அழைத்து அவர் உடன்பாட்டைக் கேட்டல் வேண்டும். சமூகமோ, பிறர் கடன்படவேண்டிய அளவிற்குத் தன் எதிர்பார்ப்புகளை உயர்த்தி வைத்திருத்தல் தகுமா எனத் தன்னையே வினவுதல் வேண்டும்.

ஒற்றி வைத்தவர் தம் நிலத்தைப் பிறர் உழுவதைக் கண்டு மீட்கும் நாளை எண்ணிக்கொண்டிருந்தார். ஈடு வைத்தவர் உழப்படுவது தம் வாழ்நாளே என்பதைக் காண்பதற்குக் கணக்கையே நாடவேண்டியுள்ளது. அக்கணக்கைக் கையொப்பத்திற்கு முன்னரே போட்டுப் பார்த்தல், வாங்கப்போகும் கடனுக்கு முன்னதாகச் செய்துமுடிக்க வேண்டிய கடனாகும்.