கணக்கில் விடுபட்ட ஆண்டுகள்

1934ஆம் ஆண்டு நவம்பர் 4ஆம் தேதி, மெட்ராஸ் சேப்பாக்கம் மைதானத்தில் ரஞ்சிக் கோப்பையின் முதல் ஆட்டம். ஏ.ஜி. ராம் சிங் என்ற இடதுகைச் சுழற்பந்து வீச்சாளர் மைசூர் அணியை இரண்டு முறையும் சுருட்டினார். 35 ஓட்டங்கள் மட்டும் கொடுத்து 11 விக்கெட். ஆட்டம் ஒரே நாளில் முடிந்துவிட்டது.

அதே மாதம் 20ஆம் தேதி, ஜப்பானின் ஷிசுவோகா நகரில் 17 வயது எய்ஜி சவாமுரா பேஸ்பால் திடலில் நின்றார். எதிரே அமெரிக்காவிலிருந்து வந்த நட்சத்திர அணி. நம் பள்ளித் திடல்களில் சாஃப்ட்பால் ஆடியவர்களுக்கு பேஸ்பாலை அதிகம் விளக்க வேண்டியதில்லை. பந்து சிறியது, வேகம் பெரியது, அவ்வளவுதான். கெரிஞ்சர், பேப் ரூத், கெரிக், ஃபாக்ஸ் ஆகிய நால்வரையும் சவாமுரா அடுத்தடுத்து மும்மூன்று ஸ்ட்ரைக்கில் வெளியேற்றினார். பிறகு கெரிக் அடித்த ஒரே ஒரு ஹோம் ரன்னில் ஜப்பான் 1-0 என்று தோற்றது. தோற்ற ஆட்டத்தின் பந்து வீச்சாளரை நாடே கொண்டாடியது.

1936இல் ஜப்பானில் தொழில்முறைப் போட்டிகள் தொடங்கின. 1937 வசந்தகாலப் போட்டிகளில் டோக்கியோ ஜயண்ட்ஸ் அணிக்காக சவாமுரா 24 ஆட்டங்களை வென்றார், தோற்றவை நான்கே. இடது காலை முகத்துக்கு நேராக உயர்த்தி, தலைக்கு மேலிருந்து வலது கையைச் சுழற்றி அவர் வீசும் காட்சி ஜப்பானியர் மனத்தில் பதிந்துபோனது.

1938 தொடக்கத்தில் இராணுவம் அவரை அழைத்தது. சீனப் போர்முனையில் அந்தக் கைக்கு வேறு வேலை கொடுத்தார்கள். பந்தின் எடை 145 கிராம் இருக்கும். கையெறி குண்டு அதைப்போல் மூன்று மடங்கு. நன்றாக எறியத் தெரிந்தவன் என்பதால் குண்டை எறியவிட்டே தோளைக் கெடுத்தார்கள் என்று அவரைப் பற்றி எழுதியவர்கள் சொல்கிறார்கள். இடது கையில் துப்பாக்கிக் காயம், மலேரியாக் காய்ச்சல் வேறு. 1940இல் திரும்பி வந்தபோது கை தலைக்கு மேலே போகவில்லை. பக்கவாட்டில் வீசக் கற்றுக்கொண்டார். அப்படி வீசியும் எதிரணிக்கு ஒரு ஹிட்கூடக் கொடுக்காத ஆட்டம் ஒன்றை அந்த ஆண்டே ஆடிக்காட்டினார். இரண்டாம் அழைப்பு பிலிப்பைன்சுக்கு இட்டுச் சென்றது. 1943இல் கை இன்னும் தாழ்ந்து, இடுப்புக்குக் கீழிருந்து வீசினார். அந்த ஆண்டு ஒரு வெற்றிகூட இல்லை. அணி அவரை விடுவித்தது. 1944 அக்டோபரில் மூன்றாம் அழைப்பு. டிசம்பர் 2ஆம் தேதி அவர் ஏறிய கப்பல் டார்பிடோ தாக்கி மூழ்கியது. வயது 27.

ஜப்பான்காரன் ஒருவனுக்காக பேராக் தமிழன் ஏன் இரங்க வேண்டும் என்ற கேள்வி நியாயமானது. சவாமுரா பிலிப்பைன்சில் இருந்த அதே காலத்தில், அதே சீருடை அணிந்த இன்னொரு படை மலாயாவுக்குள் புகுந்து, 1941 டிசம்பர் கடைசி வாரத்தில் ஈப்போவைப் பிடித்தது. கம்பாரில் ஆண்டு பிறந்ததே பீரங்கிச் சத்தத்தோடுதான். ஈப்போ பாடாங்குக்கு எதிரே நிற்கும் செயின்ட் மைக்கேல் பள்ளி ஜப்பானியர்களின் மாநில நிர்வாக அலுவலகமாக மாறியது. விளையாட்டு வீரர் என்பதால் அவர் அணிந்த சீருடையை மறந்துவிட முடியாது.

ஆனாலும் அவருடைய கதையில் தோட்டத்து ஆட்களுக்குத் தெரிந்த ஒன்று உண்டு. உடல் உழைப்பில் தேர்ந்த ஒரு கையை, அந்தக் கைக்குரியவரைக் கேட்காமலே, வேறொருவர் தம் வேலைக்கு எடுத்துக்கொண்டார். சுங்கை சிப்புட், செம்மோர், பத்து காஜா என்று பேராக் முழுக்கப் பால்மரம் சீவிய கைகளும் அப்படித்தான் போயின. ஒரு நாளைக்கு ஒரு வெள்ளி சம்பளம், மூன்று மாத வேலை என்று சொல்லி மலாயாத் தோட்டங்களிலிருந்து ஆள் திரட்டினார்கள். ஆள் சேராத இடங்களில் பிடித்துப்போட்டு ஏற்றினார்கள். 415 கிலோமீட்டர் நீளமுள்ள சயாம்-பர்மா ரயில்பாதைக்கு மலாயாவிலிருந்து போனவர்கள் 70,000 பேருக்கும் மேல். பெரும்பாலோர் தமிழர்கள். காலராவும் மலேரியாவும் பட்டினியும் பல்லாயிரம் பேரை அங்கேயே நிறுத்திவிட்டன.

இப்படிப்பட்டவற்றைப் பற்றிப் பேசும்போது நம் பெரியவர்கள் ஒரே வார்த்தையில் முடித்துவிடுவார்கள்: “பிறந்த நேரம் அப்படி.” ராம் சிங்கைப் பார்த்தால் அது சரிதானோ என்று தோன்றும். அவர் பிறந்தது 1910இல். 1936 ஆட்டங்களுக்குப் பிறகு 1946 வரை இந்தியா ஓர் அதிகாரபூர்வ டெஸ்ட் ஆட்டமும் ஆடவில்லை. அவருடைய 26 வயது முதல் 36 வயது வரையிலான காலம் அது. உள்நாட்டில் ரஞ்சிக் கோப்பை நடந்துகொண்டிருந்தது. அதில் 1,000 ஓட்டங்களும் 100 விக்கெட்டுகளும் சேர்த்த முதல் ஆட்டக்காரர் அவர்தான். டெஸ்ட் தொப்பி மட்டும் கிடைக்கவே இல்லை. அவருடைய மகன்கள் கிருபால் சிங்கும் மில்கா சிங்கும் பின்னாளில் இந்தியாவுக்காக ஆடினார்கள். இந்தப் பக்கம், ஜப்பான்காரன் காலத்தில், 1943 நவம்பரில் கோலகங்சாரில் பிறந்த மாணிக்கவாசகம் ஜெகதீசன் மூன்று ஒலிம்பிக் போட்டிகளில் ஓடினார். 1968இல் மெக்சிகோவில் 200 மீட்டரை அவர் ஓடிய 20.92 விநாடி ஏறத்தாழ அரை நூற்றாண்டு மலேசியச் சாதனையாக நின்றது.

என்றாலும் பிறந்த நேரத்தின் மேல் பழியைப் போடுவதில் ஒரு சௌகரியம் இருக்கிறது. யாரையும் குற்றம் சொல்ல வேண்டியதில்லை. போரை அறிவித்தவர்கள், ஆள் அனுப்பச் சொல்லி உத்தரவிட்டவர்கள், பட்டியல் போட்டுக் கொடுத்தவர்கள் எல்லாரும் தப்பித்துக்கொள்வார்கள்.

இன்னொரு பழக்கம், இழந்ததைக் கணக்குப்போட்டுப் பார்ப்பது. அமெரிக்கப் பந்து வீச்சாளர் பாப் ஃபெல்லர் 23 வயதுக்குள் 107 வெற்றி கண்டவர். 1941 டிசம்பரில் கடற்படையில் சேர்ந்தார். ஏறத்தாழ நான்கு ஆட்டப் பருவங்கள் போயின. ஓய்வு பெற்றபோது 266 வெற்றிகள். போர் வராமல் இருந்தால் 350ஐத் தொட்டிருப்பார் என்று இன்றும் வாதாடுகிறார்கள். அத்தைக்கு மீசை முளைத்தால் சித்தப்பா.

அந்தக் கற்பனைக் கணக்கைவிட, ஃபெல்லரின் உண்மைக் கணக்கில் கவனிக்கத்தக்கது வேறு. அவருடைய ஆட்டப் பதிவுகளில் 1942, 1943, 1944 ஆகிய ஆண்டுகளைத் தாண்டிப் போய்விடுவதில்லை. எண்கள் இருக்க வேண்டிய இடத்தில் ‘இராணுவப் பணி’ என்று எழுதியிருக்கும். இந்த ஆண்டுகளில் இந்த மனிதர் இருந்தார், ஆனால் இங்கே இருக்க விடவில்லை என்பதற்கு அது அத்தாட்சி. சவாமுராவுக்கும் அந்த மரியாதை கிடைத்தது. அவருடைய 14ஆம் எண் சட்டையை ஜயண்ட்ஸ் அணி வேறு யாருக்கும் தருவதில்லை. 1947 முதல் சிறந்த பந்து வீச்சாளருக்கான விருது அவர் பெயரில் வழங்கப்படுகிறது.

சயாமில், காஞ்சனபுரியின் போர்க் கல்லறைத் தோட்டத்திலும், அந்த ரயில்பாதை வேலையில் இறந்த ஏறத்தாழ 7,000 போர்க்கைதிகள் வரிசையாக அடக்கமாகியிருக்கிறார்கள். கல்லில் பெயர், படைப்பிரிவு, இறந்த தேதி. அதே பாதையில் அவர்களைவிடப் பல மடங்கு அதிகமாக இறந்த தொழிலாளர்களுக்கு அப்படிப் பெயர் பொறித்த வரிசைகள் இல்லை. விடியற்காலைப் பிரட்டில் பெயர் கூப்பிட்டு, செக்ரோலில் ஒருநாள் தவறாமல் பதிந்த ஆட்கள்தாம் இவர்கள். சம்பளம் பிடிக்க உதவிய அந்தப் பதிவு, ஆள் எங்கே போனார் என்று சொல்ல உதவவில்லை. இழந்த ஆண்டுகளை யாராலும் திருப்பித் தர முடியாது. இழந்தோம் என்று எழுதி வைப்பது மட்டும் நம் கையில் இருந்தது. அதையும் செய்யாமல் விட்டோம்.

பேராக்கின் பழைய ரப்பர்த் தோட்டங்கள் பல இன்று செம்பனைக்காடு. சில இடங்களில் வீடமைப்புத் தாமான்கள். 1943இல் பத்து வயதுப் பிள்ளையாக இருந்தவர்களுக்கு இப்போது தொண்ணூறு தாண்டிவிட்டது. வீட்டில் அப்படி ஒரு தாத்தாவோ பாட்டியோ இருந்தால், “சயாமுக்குப் போனார், வரவில்லை” என்ற ஒற்றை வரியோடு நிறுத்திவிடாதீர்கள். போனவர் பெயர் என்ன, எந்தத் தோட்டம், எந்த லயம், கூடப் போனவர்கள் யார், போவதற்கு முன் என்ன வேலை செய்தார், எதில் கெட்டிக்காரர் என்று கேளுங்கள். கேட்டதை ஒரு நோட்டில் எழுதி, ஒரு பிரதியை அருகிலுள்ள தமிழ்ப்பள்ளி நூலகத்தில் கொடுத்துவையுங்கள். இந்த மாதமே செய்யுங்கள்.