அலமாரியும் அரையாடையும்

எளிமை என்பது உடைகளைக் குறைப்பது மட்டும்தானா? 1921 செப்டம்பர் 22ஆம் நாள் மதுரையில் காந்தியடிகள் முழங்கால் அளவு வேட்டிக்கு மாறினார். கதர் வாங்க வசதியில்லை என்று ஏழைகள் சொன்னது அவர் நெஞ்சை உறுத்தியது. 1931இல் இலண்டனில் ஐந்தாம் ஜார்ஜ் மன்னரைக் காணச் சென்றபோதும் அந்த உடையை அவர் மாற்றவில்லை.

நாமும் துணிகளைக் குறைக்க விரும்புகிறோம். ஏன்? அலமாரியில் இடமில்லை, எதை உடுத்துவது என்று தேர்ந்தெடுப்பதிலேயே பொழுது போகிறது. குறைப்பது நல்லதுதான். ஆனால் அது நம் வசதிக்காக நாம் செய்துகொள்ளும் ஏற்பாடு. அடிகள் எண்ணிப் பார்த்தது தம் பெட்டியை அன்று, பிறர் உடம்பை.

கட்டாமல் மடித்து வைத்த சேலையைப் பார்த்து, 'இது எனக்கு வேண்டுமா?' என்று கேட்கிறோம். 'இது யாருக்கு வேண்டும்?' என்றும் கேட்டால் என்ன? கிழிந்ததைக் கழிப்பது கொடையன்று. முதற்கேள்வி அலமாரியைத் தூய்மையாக்கும். நம்மைத் தூய்மையாக்குவது இரண்டாவது கேள்வி.