அலையும் ஆராட்டும்

வித்துராவில் மலையைப் பார்த்து வாழ்பவர் நாம்; ஆயினும் நம் கல்லாற்று நீர் மேற்குக் கடலையே நாடுகிறது. அக்கடலோரச் சங்குமுகத்தில் பங்குனியிலும் ஐப்பசியிலும் பத்மநாபசுவாமி ஆராட்டு நிகழ்கிறது. 1932இல் தோன்றிய திருவனந்தபுரம் விமான நிலையம் அவ்வூர்வலத்துக்காக ஓடுபாதையைச் சில மணி நேரம் மூடி வழிவிடுகிறது. பருவக்காற்று எழுப்பும் அலைகளோ எதற்கும் வழிவிடுவதில்லை. கரையை அரித்துச் செல்கின்றன. முன்னோர் நின்ற மணல் இன்றில்லை.

எனில், புனிதம் உறைவது எங்கே? மணலில் எனின், அது என்றோ கரைந்திருக்கும். ஆண்டுதோறும் வந்து நிற்கும் கால்களில்தான் என்போம். பிறந்த மண்ணை விட்டு வந்த நமக்கு இதில் ஆறுதல் உண்டு, பொறுப்பும் உண்டு. ஊரை உடன்கொணர இயலாது, வழக்கத்தைக் கொணரலாம். ஆனால் நம் பிள்ளைகள் அதனைக் கைவிட்டால், கரை இருந்தும் தலம் இராது.