சீரியம் ஆக்சைடு: கொடுத்து வாங்கும் மஞ்சள் தூள்

'வைதேகி காத்திருந்தாள்' படத்தில் செந்தில் கை பட்டதும் பெட்ரோமாக்ஸ் மேண்டில் பொடிந்துபோகும். சிரித்து முடித்த பிறகு கேட்க வேண்டிய கேள்வி ஒன்று உண்டு: அது ஏன் அப்படிப் பொடிகிறது?

மேண்டில் கடையில் வாங்கும்போது வெறும் துணிப்பை. தோரியம் நைட்ரேட்டும் சிறிதளவு சீரியம் நைட்ரேட்டும் கலந்த கரைசலில் ஊறி உலர்ந்தது. முதல் முறை பற்றவைத்ததுமே துணி எரிந்து போய்விடும். நைட்ரேட்டுகள் ஆக்சைடுகளாக மாறி, பையின் வடிவத்திலேயே ஒரு சாம்பல் கூடாக நிற்கும். செந்தில் தொட்டது துணியை அல்ல, அந்தக் கூட்டை. ஆஸ்திரிய வேதியியலாளர் அவுவர் ஃபான் வெல்ஸ்பாக் 1891-இல் கண்ட கலவை இது: தோரியம் ஆக்சைடு 99 பங்கு, சீரியம் ஆக்சைடு 1 பங்கு. தனித் தோரியம் மங்கலாகத்தான் ஒளிரும். சீரியத்தைக் கூட்டினாலும் வெளிச்சம் குறைந்துவிடும். சமையலில் பெருங்காயம் மாதிரி, அளவில்தான் சூட்சுமம்.

சீரியம் 'அருமண்' தனிமங்களில் ஒன்று. பெயரை நம்ப வேண்டாம். பூமியின் மேலோட்டில் ஏறக்குறைய செம்பு அளவுக்கு இருக்கிறது. அருமை அதன் இருப்பில் இல்லை, பிரித்தெடுப்பதில்தான். அருமண்கள் பதினேழும் ஒரே அச்சில் வார்த்தவை போல நடந்துகொள்பவை. பெரும்பாலும் ஒவ்வொன்றும் மூன்று எலக்ட்ரான்களைக் கொடுக்கும், அதோடு நிறுத்திக்கொள்ளும். சீரியம் மட்டும் நான்காவதையும் எளிதாகக் கொடுத்துவிடும், தேவைப்பட்டால் திரும்ப வாங்கிக்கொள்ளும். அதன் கதை முழுவதும் இந்த ஒரு குணத்தில் அடங்கிவிடுகிறது.

குமரி மாவட்டம் மணவாளக்குறிச்சிக் கடற்கரை மணலில் சீரியமும் தோரியமும் கொண்ட மோனசைட் என்ற கனிமம் இருக்கிறது. 1909-இல் ஷோம்பர்க் என்ற ஜெர்மானியர், திருவிதாங்கூரிலிருந்து கப்பலேறிய கயிற்றில் ஒட்டியிருந்த மணலில் இதைக் கண்டுகொண்டார். அவர் காலத்தில் உலகம் மோனசைட்டைத் தேடியதே மேண்டிலுக்காகத்தான். மணலை அரைத்து, அடர்ந்த காஸ்டிக் சோடாவில் கொதிக்கவைத்தால் பாஸ்பேட் கரைந்து பிரிந்துவிடும். மிஞ்சுவது ஹைட்ராக்சைடுக் கூழ். அதைத் தகுந்த அளவு அமிலத்தில் கரைத்தால் அருமண்கள் இறங்கும், தோரியம் அடியில் தங்கும். கேரளத்தின் ஆலுவாவில் 1952 முதல் நடந்த வேலை இது.

இனி சீரியத்தை மற்றவற்றிலிருந்து பிரிக்க வேண்டும். கரைந்த அருமண்களை மீண்டும் ஹைட்ராக்சைடுகளாக்கிக் காற்றுப்பட உலர்த்தினாலே போதும், சீரியம் நான்காவது எலக்ட்ரானையும் கொடுத்து நான்காம் நிலைக்கு ஏறிவிடும். அதன்மேல் நீர்த்த அமிலம் ஊற்றினால் மற்றவை கரைந்து ஓட, சீரியம் மட்டும் அசையாமல் நிற்கும்.

ஆய்வகத்தில் இதைக் கண்ணாலேயே பார்க்கலாம். சீரியம் நைட்ரேட் கரைசல் தண்ணீர் மாதிரி நிறமற்றது. அதில் அம்மோனியா விட்டால் வெள்ளைக் கூழாகத் திரியும். அப்படியே திறந்து வைத்துக் கலக்கிக்கொண்டிருங்கள். முதலில் காற்றுப்படும் இடத்தில் ஊதா படரும். நேரம் போகப்போக எல்லாம் மஞ்சளாகும். ஊதா என்பது மூன்றாம் நிலையும் நான்காம் நிலையும் கலந்து நிற்கும் இடைக்காலம். மஞ்சளை வடிகட்டி, கழுவி, உலர்த்தி, மூசையில் சுமார் 800 டிகிரி செல்சியஸில் சுட்டெடுத்தால் வெளிர்மஞ்சள் தூளாகச் சீரியம் ஆக்சைடு கிடைக்கும். உருகுநிலை ஏறத்தாழ 2,400 டிகிரி, தண்ணீரைப்போல் ஏழு மடங்கு அடர்த்தி. கண்ணாடியை மெருகேற்றுவதற்கு இதை விஞ்சிய தூள் அரிது.

அதன் படிக அமைப்பில் ஒவ்வொரு சீரியத்தையும் எட்டு ஆக்சிஜன்கள் சூழ்ந்திருக்கும். சில ஆக்சிஜன்கள் வெளியேறினாலும் கட்டடம் இடியாது. காலியான வீடுபோல இடம் அப்படியே காத்திருக்கும். விட்டுப்போன எலக்ட்ரான்களைச் சீரியம் வாங்கி வைத்துக்கொள்ளும். நிறையப் போய்விட்டால் மஞ்சள் தூள் கருநீலமாகும். பெட்ரோல் காரின் புகைக்குழாயில் உள்ள வினையூக்கிப் பெட்டி இதைத்தான் நம்பியிருக்கிறது. புகையில் ஆக்சிஜன் குறைந்த கணத்தில் கார்பன் மோனாக்சைடு, சீரியத்திடம் ஆக்சிஜனை வாங்கிக் கார்பன் டை ஆக்சைடாகும். மிகுந்த கணத்தில் சீரியம் தன் கடனைத் திரும்ப நிரப்பிக்கொள்ளும்.

பரணில் பழைய பெட்ரோமாக்ஸ் கிடந்தால் மேண்டில் சாம்பலை ஊதித் தட்டாதீர்கள். சீரியத்தால் கெடுதல் இல்லை, கூட இருக்கும் தோரியம் கதிரியக்கம் உடையது. ஈரத்துணியால் ஒற்றி எடுத்து அப்புறப்படுத்துங்கள்.